புல்வெளிச் சிறுவீடும் இரணைமடுவும்

1974 முதல் 1983 வரை அமெரிக்கத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பான 'லிற்றில் ஹவுஸ் ஒன் த பிரெயரி' என்னும் தொடர் நாடகம் இன்றும் விரும்பிப் பார்க்கப்படுகின்றது. கண்ணீர் சற்று மிகையெனினும் நல்ல நாடகமே. லோறா இங்கள்ஸ் வைல்டரின் நூல்களைத் தழுவிய அதன் ஈர்ப்புக்குக் குடும்பப் பாசமே காரணமென்பர். அது பாதி உண்மை. அந்த வீடு நிலையற்றது என்பதே மீதி. முன்னோடிப் படத்திலேயே, தந்தை மரம் தறித்துக் கட்டிய வீட்டையும் உழுத நிலத்தையும் விட்டுக் குடும்பம் வெளியேற நேர்கின்றது. அது ஓசேஜ் பழங்குடியினரின் மண். 1984 இல் வந்த படத்திலோ, நிலம் வேறொருவனுக்கு உரியதென அறிந்த ஊரார், தாம் எழுப்பிய கட்டடங்களைத் தாமே வெடிவைத்துத் தகர்க்கின்றனர்.

இரணைமடுவின் கீழ் வயல் செய்வோர் இக்காட்சியை வெறும் கற்பனையாகக் கொள்வது அரிது. கனகராயன் ஆற்றை மறித்தெழுந்த அக்குளத்து நீரை நம்பி, 1930களிலிருந்து காடு வெட்டிக் கழனி கண்டவர்களின் ஊர் அது. 2008 இல் இடம்பெயர்ந்தபோது மக்கள் பலர் கூரைத் தகரங்களையும் ஓடுகளையும் கழற்றி, உழவு இயந்திரப் பெட்டிகளில் ஏற்றிச் சென்றனர். நாடகத்து மக்கள் தகர்த்தது பிறன் கைக்கு எதுவும் போகாதிருக்க. இவர்கள் கழற்றியது அடுத்த இடத்தில் ஒரு கொட்டிலேனும் போட. அத்தகரங்களும் வழியிலேயே கைவிடப்பட்டன. போருக்குப் பின் திரும்பியோர் பற்றை வெட்டுவதிலிருந்து மீண்டும் தொடங்கினர்.