பட்டாளத்துல போன 17 வருஷம் எந்தக் கணக்குல?

எங்க ஆரணிப் பக்கமும் வேலூர்ப் பக்கமும் பட்டாளத்துக்கு ஆள் அனுப்பாத ஊரைப் பார்க்கிறது கஷ்டம். வேலூர் மாவட்டத்துக் கம்மவான்பேட்டைக்கு ராணுவப்பேட்டைன்னே பேரு. எங்க ஊர்லயும் மிலிட்டரிக்காரங்க வீடு நிறைய. மழை பேயாத வருஷம் பல வீட்டுல அடுப்பெரிஞ்சது அவங்க அனுப்பின மணியார்டராலதான்.

பட்டணத்துல பல பேருக்குத் தெரியாத விஷயம், சிப்பாய் முடியெல்லாம் நரைச்சு ரிட்டயர் ஆகிறவர் இல்லை. பதினெட்டு, பத்தொன்பது வயசுல போனவர் நாப்பதுக்குள்ள திரும்பிடுவார். பட்டாளத்துக்கு இளவட்ட உடம்புதான் வேணும். பென்ஷனுக்குக் குறைஞ்சது 15 வருஷ சர்வீஸ் இருக்கணும். பென்ஷன் கடைசிச் சம்பளத்துல பாதி. பிள்ளைங்க அப்பதான் பள்ளிக்கூடம் போய்க்கிட்டிருக்கும். அதனால இன்னொரு வேலை தேடாம முடியாது.

அதுக்கு இடஒதுக்கீடு இருக்கு. குரூப் சி வேலைகள்ல மத்திய அரசுல 10 சதவீதம், பொதுத்துறை நிறுவனங்கள்லயும் வங்கிகள்லயும் 14.5 சதவீதம். வேலை கிடைச்சுடுது. பிரச்சினையே அதுக்கப்புறம்தான், சம்பளத்தை எங்கிருந்து ஆரம்பிக்கிறதுன்னு.

எங்க தெருவுல ரெண்டு பேர். ஒண்ணாப் போய், ஒரே ரேங்க்ல, 17 வருஷம் முடிச்சு வந்தாங்க. ரெண்டு பேரும் அவில்தார், ரெண்டு பேருக்கும் பேசிக் 34,900. ஒருத்தர் ஒரு பொதுத்துறை வங்கியில கிளார்க் ஆனார். அங்கே பட்டாளத்துல கடைசியா வாங்கின சம்பளமும் டிஏவும் குறையாதபடி ஸ்கேல்ல மேலே ஏத்தி உக்கார வெச்சாங்க. இன்னொருத்தர் ஒரு மத்திய அரசு அலுவலகத்துல எல்டிசி. அவருக்கு ஆரம்பமே 19,900. காலேஜ் முடிச்சு அன்னிக்கே சேர்ந்த பையனுக்கும் அதே 19,900.

இது அந்த அலுவலகம் பண்ண கோளாறு இல்லை, விதியே அப்படித்தான் இருக்கு. மறுவேலைக்கு வரும் பென்ஷன்தாரர்களுக்குச் சம்பளம் நிர்ணயிக்க 1986-ல ஒரு ஆணை போட்டாங்க. அதன்படி, 55 வயசுக்கு முன்னாடி வந்த, அதிகாரி ரேங்குக்குக் கீழே இருந்தவருக்குப் பென்ஷனை முழுசா கண்டுக்கிறதில்லை, அதுல ஒரு பைசா கழிக்க மாட்டாங்க. கேக்க நல்லாத்தான் இருக்கு. ஆனா பென்ஷனை முழுசா கண்டுக்காதவங்களுக்கு ஆரம்பச் சம்பளம் ஸ்கேலோட அடியிலதான். அடியில ஆரம்பிக்கிறதால பென்ஷனுக்கான அகவிலைப்படி மட்டும் நிக்காம வரும். அதிகாரியா இருந்தவங்களுக்குக் கணக்கே வேற. அவங்க கடைசிச் சம்பளத்தை அடிப்படையா வெச்சு, பென்ஷன்ல 15,000 ரூபாயை விட்டுட்டு மீதியைக் கழிக்கிறாங்க.

அதே ஆணையில இன்னொண்ணும் இருக்கு. பட்டாளத்துல கிளார்க்கா இருந்தவர் இங்கே எல்டிசி ஆனா, அங்கே கிளார்க்கா பார்த்த ஒவ்வொரு வருஷத்துக்கும் ஒரு இன்கிரிமென்ட் கேட்டு விருப்பம் கொடுக்கலாம். ஸ்டோர்மேன் ஸ்டோர் வேலைக்கு வந்தாலும் அப்படித்தான். பேனா பிடிச்ச வருஷத்துக்குக் கணக்கு உண்டு. துப்பாக்கி பிடிச்சுக்கிட்டுப் பனியில நின்ன வருஷத்துக்கு இல்லை.

போன வாரம் நாத்து பிடுங்கறப்ப அந்த எல்டிசிக்காரர் லீவுல வந்திருந்தார். வரப்புல உக்காந்துக்கிட்டு, "இன்னா மாமா, பொன்னி எத்தினி நாள் பயிரு?"ன்னார்.

"நூத்தி முப்பத்தஞ்சு நாளுப்பா."

"நட்டதுல இருந்தா?"

"இல்ல, விதை விட்ட நாளுல இருந்து. நாத்தங்கால்ல இருந்ததும் சேர்த்துதான்."

"பாரு, பயிருக்கே கணக்கு வெக்கிறீங்க"ன்னு சிரிச்சார். எனக்குச் சிரிப்பு வரலை.

"பென்ஷனும் வாங்குறார், சம்பளமும் வாங்குறார், இன்னும் என்ன?"ன்னு அவர் ஆபீஸ்ல பேசிக்கிறாங்களாம். வங்கி கவுன்டர்ல நிக்கிறவங்களும் இதையே சொல்லிக் கேட்டிருக்கேன். பென்ஷன் முடிஞ்சுபோன வேலைக்கான கூலி. நாப்பது வயசுக்குள்ள வீட்டுக்கு அனுப்பினதும் அவர் கேட்டு நடந்ததில்லை. புது வேலைக்கு என்ன சம்பளம்னு பேசறப்ப அந்தப் பழைய கூலியைக் குத்திக் காட்டறது நியாயமாப் படலை. அரசு ஒண்ணு, பட்டாளம் ஒண்ணு, ரேங்க் ஒண்ணு. நுழையிற கதவு வேறன்னா கடைசிச் சம்பளத்துக்கு இருக்கிற மதிப்பும் வேறயா?

விதி மாறணும்னா அது டெல்லியில நடக்கணும். அதுவரைக்கும் உங்க வீட்டுலயோ பக்கத்து வீட்டுலயோ பட்டாளத்துல இருந்து வர்றவர் இருந்தா இதைச் சொல்லி வையுங்க. ஆர்டர் வந்த சந்தோஷத்துல கையெழுத்துப் போடறதுக்கு முன்னாடி சம்பளம் எப்படி நிர்ணயிப்பாங்கன்னு எழுத்துல கேக்கணும். கடைசிச் சம்பளச் சான்று, டிஸ்சார்ஜ் புக், பென்ஷன் ஆர்டர் மூணையும் பத்திரமா வெச்சுக்கணும். கிளார்க்கா, ஸ்டோர்மேனா இருந்தவர் மத்திய அரசு வேலைக்குப் போனா விருப்பக் கடிதத்தை மூணு மாசத்துக்குள்ள கொடுத்து, வாங்கினதுக்குக் கையெழுத்தும் வாங்கிக்கணும். ஒரு தடவை கொடுத்த விருப்பத்தை மாத்த முடியாது.