பியானோ பெஞ்சில் ஒரு மத்தியானம்

பிள்ளைக்கு வயிறு சரியில்லை என்றால் எல்லாரும் முதலில் அம்மாவைத்தான் கேட்பார்கள், "என்னத்தைக் கொடுத்தே?" என்று. மாமியார் ஊரிலிருந்து போனில் கேட்டார். நாத்தனார் கேட்டாள். ராத்திரி அடுப்பு மேடையைத் துடைக்கும்போது நானே என்னைக் கேட்டுக்கொண்டேன்.

லண்டனில், வெம்பிளி பக்கம் எங்கள் ஜாகை. இவருடைய வேலையை முன்னிட்டு வந்து பன்னிரண்டு வருஷமாயிற்று. 2024 தொடக்கத்தில் என் மூத்தவனுக்குப் பதினைந்து வயது. அடிக்கடி வயிற்று வலி, பேதி. இரண்டு மாதத்தில் ஆறு கிலோ இளைத்துவிட்டான். முதலில் பார்த்த டாக்டர் "பரீட்சை பயம்" என்றார். நானும் அதை நம்பி ஓமத் தண்ணீர் கொடுத்துக்கொண்டிருந்தேன். மலத்தில் ரத்தம் போவதை வெட்கப்பட்டு மூன்று வாரம் அவன் என்னிடம் மறைத்திருக்கிறான். சகோதரிகளே, இதை எழுத எனக்கும் கூச்சமாகத்தான் இருக்கிறது. ஆனால் வளர்ந்த பையனாயிற்றே என்று நான் கேட்காமல் விட்ட கேள்வி அது.

பெரிய ஆஸ்பத்திரியில் குழாய் விட்டுப் பார்த்து, "குரோன்ஸ்" என்றார்கள். 1932-ல் இதைப் பற்றி எழுதிய அமெரிக்க டாக்டர்களில் ஒருவரின் பெயராம். உடம்பின் எதிர்ப்புச் சக்தியே குடலைத் தாக்கிப் புண்ணாக்குகிறது. வாயிலிருந்து ஆசனவாய் வரை எங்கும் வரலாம். சிறுகுடலின் கடைசிப் பகுதியில் அதிகம். ஒட்டுகிற நோயல்ல, அம்மாவின் சமையலால் வருவதுமல்ல. அடக்கி வைக்கலாமே தவிர, அடியோடு போக்க மருந்தில்லை. நம் ஊரில் குடல் காசநோயும் பார்வைக்கு இதே மாதிரி இருப்பதால், அது இல்லை என்று தெரிந்துகொண்ட பிறகே வைத்தியம் தொடங்குவார்கள்.

பிள்ளைகளுக்கு முதல் வைத்தியம் என்ன தெரியுமா? எட்டு வாரம் சாப்பாடே கிடையாது. ஆஸ்பத்திரியில் தருகிற சத்துப் பானம் மட்டும். குடல் வீக்கம் அடங்க அதுதான் வழி என்றார்கள். ஊட்டி வளர்த்த கைக்கு இதைவிடத் தண்டனை உண்டா? வாசனை அவனை இம்சிக்குமே என்று நான் தாளிப்பதையே நிறுத்திவிட்டேன். இவர் ஆபீஸ் கான்டீனில் சாப்பிட்டார். சின்னவளுக்கு மட்டும், அவன் தூங்கிய பிறகு, தோசை.

அந்த நாளில்தான் வார்டில் இருந்த வயதான வெள்ளைக்கார நர்ஸம்மா, அவனுக்கு ஊசி ஏற்றிக்கொண்டே சொன்னார்: "நம்ம பெரிவேல் நிக்கி ஹாப்கின்ஸுக்கும் இதே வியாதிதான், தெரியுமாப்பா?" பெரிவேல் எங்களுக்கு அடுத்த பேட்டை. யாரோ தெரிந்த குடும்பம் போலிருக்கிறது என்று நினைத்தேன். அவரோ, ரோலிங் ஸ்டோன்ஸ் என்ற புகழ்பெற்ற ராக் இசைக்குழுவின் பாட்டுகளில் பியானோ வாசித்தவராம்.

அன்றிரவே மகன் போனில் தேடிப் படித்துக் காட்டினான். ஹாப்கின்ஸ் 1944-ல் பிறந்தவர். மூன்று வயதிலேயே பியானோ. வெம்பிளியில்தான் பள்ளிக்கூடம். உபகாரச் சம்பளத்தில் ராயல் அகாடமியில் சாஸ்திரீய இசை படித்தவர், பதினாறு வயதில் அதை விட்டுவிட்டு ராக் குழுவில் சேர்ந்துவிட்டார். (அவர் அம்மா என்ன பாடு பட்டாரோ!) 1963-ல், பத்தொன்பதாம் வயதில் படுத்தவர்தான், ஆபரேஷன் மேல் ஆபரேஷன், பத்தொன்பது மாதம் படுக்கை, உயிர் பிழைத்ததே பெரிது.

எழுந்ததும் ஒரு முடிவு செய்தார். ஊர் ஊராகப் போய் மேடையில் வாசிக்க இந்த உடம்பு தாங்காது. ஒலிப்பதிவுக் கூடத்தில் வாசித்துவிட்டு ராத்திரி வீட்டுக்கு வரலாம். இன்று ஒரு குழு, நாளை வேறொரு குழு. அப்படித்தான் பீட்டில்ஸின் 1968 'ரெவல்யூஷன்' பாட்டில் எலெக்ட்ரிக் பியானோ இவருடையது. ஜான் லெனனின் 1971 'இமாஜின்' இசைத்தட்டிலும் வாசித்திருக்கிறார். 250-க்கும் மேற்பட்ட ஆல்பங்கள் என்கிறார்கள். கேட்கிற ஜனங்களுக்குப் பாடகர் பெயர் தெரியும், இவர் பெயர் தெரியாது. விருந்து பிரமாதம் என்பார்கள், அடுப்படியில் யார் நின்றது என்று கேட்பார்களா? அமெரிக்காவின் ராக் அண்ட் ரோல் கௌரவ மன்றத்தில் இவர் பெயரைச் சேர்த்ததே 2025-ல்தான்.

அந்த நல்ல முடிவில் அவர் நிலைத்து நின்றாரா என்றால் இல்லை. 1969-ல் கலிபோர்னியாவுக்குக் குடிபோனார். அதே வருஷம் வுட்ஸ்டாக் விழா மேடை, பிறகு ரோலிங் ஸ்டோன்ஸோடு நாடு நாடாகக் கச்சேரி. குடியும் போதையும் சேர்ந்துகொண்டன. 1973 ஐரோப்பியப் பயணத்துக்கு உடம்பு இடம் கொடுக்கவில்லை. பின்னால் போதையிலிருந்து மீண்டு வந்தார் என்றாலும், படிக்கப் படிக்க எனக்கு அவர் மேல் கோபமாக வந்தது. இந்த வயிற்றை வைத்துக்கொண்டு குடியா? மகன், "விடும்மா, இருவது வயசுல வீட்டுலயே இருக்க முடியுமா?" என்றான். அதைக் கேட்டு எனக்கு வயிற்றில் புளியைக் கரைத்தது.

எட்டு வாரம் முடிந்து, குழைந்த சாதத்தில் ஆரம்பித்து, மெல்ல மெல்லச் சாப்பாட்டுக்கு வந்தான். இரண்டு மாதத்துக்கு ஒரு தடவை இன்ஃப்ளிக்ஸிமாப் என்ற மருந்தை ரத்தத்தில் ஏற்றுகிறார்கள். அக்டோபர் லீவில், "அந்த பெஞ்சைப் பார்க்கலாமா?" என்றான். பெரிவேல் பூங்காவில் ஹாப்கின்ஸ் நினைவாக, ரசிகர்கள் பணம் போட்டு, 2018-ல் பியானோ போல ஒரு பெஞ்ச் அமைத்திருக்கிறார்கள். டிபன் பாக்ஸில் இட்லி எடுத்துக்கொண்டு பஸ் ஏறினோம்.

அவனிடம் நான் சொல்லாமல் வைத்திருந்தது ஒன்று இருந்தது. பெஞ்சில் உட்கார்ந்ததும் அவனே சொல்லிவிட்டான்.

"1994-ல செத்துட்டாரும்மா. குடல் ஆபரேஷனுக்கு அப்புறம். அம்பது வயசுதான்."

"அப்போ இந்த மருந்தெல்லாம் ஏதுடா? உனக்கு ஏத்தறாங்களே, அதுவே 1998-லதான் வந்தது. அவருக்கு வெறும் கத்தியும் ஸ்டீராய்டும்தான்" என்று மளமளவென்று ஒப்பித்தேன். இதற்காகவே நெட்டுருப் போட்டு வைத்திருந்தேன்.

"அது எனக்குத் தெரியும்மா. டாக்டர்கிட்ட நானே கேட்டுட்டேன். நீ பயப்படாதே." கொஞ்ச நேரம் கழித்து, "அந்தப் பத்தொன்பது மாசமும் அவங்க அம்மா என்னம்மா பண்ணியிருப்பாங்க?" என்றான்.

எனக்குப் பதில் சொல்ல வரவில்லை. டிபன் பாக்ஸைத் திறந்தேன். போனில் 'ஷீ இஸ் எ ரெயின்போ' வைத்து, ஒரு காதுக்கருவியை என் காதில் சொருகினான். 1967-ல் அவர் வாசித்த பியானோ, ஆரம்பத்திலேயே வந்துவிடுகிறது. மூன்று இட்லி சாப்பிட்டான். நாலாவதைப் பிட்டு, பாதியை என்னிடம் நீட்டினான்.