வீடு மதிலுக்கு வெளியே

நான்கு பேர், ஆறு இரவுகள், ஒரு மோட்டார் ஹோம். கட்டில், அடுப்பு, ஃபிரிட்ஜ், கழிப்பறை எல்லாமே சக்கரங்களின் மேல். குழந்தைகளோடு ஐரோப்பாவின் பழைய நகரங்களைச் சுற்ற இதைவிட வசதி ஏது என்று தோன்றும், முதல் கோட்டை வாசலைப் பார்க்கும் வரை. வாசல் குதிரை வண்டிகளுக்காகக் கட்டியது. வந்து நிற்பதோ மூன்று மீட்டர் உயர வண்டி.

ஆகவே திட்டம் மதிலுக்கு வெளியே தொடங்க வேண்டும். தெற்கு ஜெர்மனியின் 'ரொமான்டிக் சாலை' இதற்குப் பழகிய தடம். வூர்ஸ்பர்க்கிலிருந்து ஆல்ப்ஸ் அடிவாரத்தின் ஃப்யூசன் வரை சுமார் 460 கி.மீ. பழங்கால ராஜபாட்டை அல்ல. சுற்றுலாவுக்காக 1950இல் சூட்டிய பெயர். இதன் ஊர்களில் மதிலை ஒட்டியே 'ஷ்டெல்பிளாட்ஸ்' எனப்படும் நிறுத்துமிடங்கள் உண்டு. குடிநீர் பிடிக்கலாம், கழிவைக் கொட்டலாம். பலவற்றில் முன்பதிவு கிடையாது, முந்தியவருக்கே இடம். பிற்பகலுக்குள் போய்ச் சேராதவர்கள் இருட்டில் அலைய வேண்டியதுதான்.

வண்டி விஷயத்தில் ஏமாற வாய்ப்பு அதிகம். சாதாரண கார் லைசென்ஸுக்கு எல்லை 3.5 டன். தொட்டியில் நிரப்பும் 100 லிட்டர் தண்ணீரும் இதில் 100 கிலோ சேர்த்தி. கட்டில்களை எண்ணுபவர்கள் பெல்ட் உள்ள இருக்கைகளை எண்ணுவதில்லை. ஓடும் வண்டியில் குழந்தைகள் கட்டிலில் படுக்கக் கூடாது. இந்தியாவிலிருந்து போகிறவர்கள் சர்வதேச ஓட்டுநர் அனுமதியையும் வாங்கிக்கொள்வது நல்லது.

ஆறு இரவில் சாலை முழுவதையும் பார்க்க நினைப்பவர்கள் பார்ப்பது சாலையை மட்டுமே. மூன்று ஊர்கள், ஊருக்கு இரண்டு இரவு போதும். முதலில் ரோத்தன்பர்க். படங்களில் பார்த்த அதே மரச்சட்ட வீடுகள்; ஆனால் எல்லாமே பழையவை அல்ல. 1945 மார்ச் 31 குண்டுவீச்சில் பழைய நகரின் கணிசமான பகுதி அழிந்தது. மதிலைத் திரும்பக் கட்டப் பல நாட்டவர் பணம் தந்தார்கள். அவர்களின் பெயர் பொறித்த கற்களைப் படித்தபடியே மதில் மேல் நடக்கலாம்.

கடைசி ஊர் ஆக்ஸ்பர்க். அங்குள்ள ஃபுக்கெராய், ஏழைகளுக்காக வணிகர் யாக்கோப் ஃபுக்கர் 1521இல் நிறுவிய குடியிருப்பு. இன்றும் ஆட்கள் வசிக்கிறார்கள். அடிப்படை வாடகை ஆண்டுக்கு 88 சென்ட். கூடவே நன்கொடையாளர் குடும்பத்துக்காக தினம் மூன்று பிரார்த்தனைகள். கழிவு கொட்டவே காசு கொடுத்துவிட்டு வரும் குடும்பத்துக்கு இந்தக் கணக்கு உறைக்கும்.

அங்கிருந்தே திரும்பிவிட்டால் ஃப்யூசன் அருகிலுள்ள நாய்ஷ்வான்ஸ்டைன் கோட்டை விட்டுப்போகும். போகட்டும். 2025இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்த அழகிதான். ஆனால் கட்டத் தொடங்கியது 1869இல், இந்தியாவில் முதல் பயணிகள் ரயில் ஓடி 16 ஆண்டுகள் கழித்து. நேரம் குறித்த டிக்கெட்டுக்காக வண்டியை விரட்டுவதைவிட, அந்த நாளை நடுவே வரும் நோர்ட்லிங்கனுக்குத் தருவது மேல்.

சுமார் 1.5 கோடி ஆண்டுகளுக்கு முன் விண்கல் விழுந்த பள்ளத்துக்குள் இருக்கிறது நோர்ட்லிங்கன். மோதலில் பிறந்த பாறையால் கட்டிய தேவாலயக் கற்களில், கண்ணுக்குத் தெரியாத வைரத் துகள்கள். நிலவுக்குப் போகுமுன் அப்போலோ 14 வீரர்கள் 1970இல் பயிற்சிக்கு வந்த பூமி இது. மதில் அறுபடாமல் ஊரைச் சுற்றி வருகிறது. சிறுவர்களும் நடந்து முடித்துவிடலாம்.

தேவாலயக் கோபுரத்தின் உயரம் 90 மீட்டர். அதன் உச்சியிலிருந்து இரவு பத்து முதல் நள்ளிரவு வரை அரை மணிக்கு ஒருமுறை காவலாளி குரல் கொடுக்கிறார். குழந்தைகள் அதைக் கேட்க வேண்டுமானால் மதியமே தூங்க வைக்க வேண்டும். வண்டியை நிறுத்திய பிறகு.