ஸ்டே வாங்கிட்டாவளாமே!

"வக்கீலய்யா, ஸ்டே வாங்கிட்டாவளாம். நம்ம கேஸ் அவ்ளோதானா?"

கேட்டவர் ஓட்டப்பிடாரம் கரிசலில் மிளகாய் போடுகிறவர். எடுத்த நிலத்துக்குக் கூடுதல் தொகையை எட்டு வாரத்துக்குள் கொடுக்கச் சொல்லி, உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் உத்தரவு வாங்கிக் கொடுத்திருந்தேன். எட்டு வாரம் போய் எட்டு மாதமும் ஆயிற்று. நீதிமன்ற அவமதிப்பு மனு போட்டு, நேரில் ஆஜராகச் சொல்லி நோட்டீஸ் போன பிறகுதான் எதிர்த்தரப்புக்கு அப்பீல் நினைவு வந்தது. எங்கள் தொழிலில் இது பழகிய வரிசைதான்.

"ஸ்டே நகல் எங்கே?" என்றேன். இல்லை. "அந்த ஆபீஸ்ல சொன்னாவ."

அப்பீல் போட்டதாலேயே உத்தரவு நின்றுவிடாது. உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 41, விதி 5 இதைத் தெளிவாகச் சொல்கிறது. ஆனால் மேல் நீதிமன்றத்தில் ஸ்டே (தடை) மனு காத்திருக்கிறதென்றால், முதலில் அதைக் கேட்டுவிட்டு அவமதிப்புக்கு வருவதே சரி என்று மாடர்ன் ஃபுட் இண்டஸ்ட்ரீஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. சிலர் இதைப் பிடித்துக்கொண்டு ஸ்டே மனுவைப் பட்டியலுக்கே வரவிட மாட்டார்கள். அப்போது அவர்கள் மனுவை விசாரிக்கச் சொல்லி நானே போய் நிற்பேன். பார்க்கிறவர்களுக்குச் சிரிப்பாகத்தான் இருக்கும்.

ஸ்டே கிடைத்தேவிட்டால்? ரத்து வேறு, தடை வேறு என்று 1992-இல் ஸ்ரீ சாமுண்டி மொபெட்ஸ் வழக்கில் பிரித்துச் சொன்னார்கள். ரத்தானால் உத்தரவே இல்லை. தடை என்றால் அந்தத் தேதியிலிருந்து உத்தரவு செயல்படாது, ஆனால் இருக்கும். தூத்துக்குடிக்காரர்களுக்கு ஸ்டெர்லைட் தாமிர ஆலை வழக்கைச் சொன்னால் போதும். 2010 செப்டம்பர் 28-இல் ஆலையை மூடச் சொன்னது சென்னை உயர் நீதிமன்றம். அக்டோபர் 1-இல் உச்ச நீதிமன்றம் தடை கொடுத்தது. "கோர்ட்டு மூடச் சொல்லியும் ஓட்டுதாவளே, அவமதிப்பு இல்லையா?" என்று டீக்கடையில் என்னைக் கேட்டவர்கள் உண்டு. தடை நிற்கும்வரை இல்லை. 2013 ஏப்ரல் 2-இல் அந்த உத்தரவே ரத்தாகி, ஆலைக்கு 100 கோடி ரூபாய் இழப்பீடு விதிக்கப்பட்டது.

தடைக்கு முந்தைய மீறல் துடைத்துப் போய்விடாது என்பது என் வாதம். ஆனாலும் அப்பீல் முடியட்டும் என்று ஒத்திவைக்கிற நீதிபதிகளே அதிகம்.

இதில் ஒருமுறை நான் சறுக்கினேன். ஸ்டே நீங்கட்டும், பிறகு மனு போடலாம் என்று பதினான்கு மாதம் சும்மா இருந்துவிட்டேன். நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் 20-ஆம் பிரிவில் ஓராண்டுக் கெடு இருக்கிறது. தடைக்காலத்தைக் கழித்துக்கொள்ளுங்கள் என்று வாதாடி மீள்வதற்குள் வியர்த்துவிட்டது. இப்போதெல்லாம் கெடுவுக்குள் மனுவைப் போட்டு, நிலுவையில் கிடக்க விடுகிறேன்.

ஆறு மாதத்தில் ஸ்டே தானாகவே போய்விடும் என்ற உச்ச நீதிமன்றத்தின் 2018 தீர்ப்பை நம்பியும் இருக்க முடியாது. 2024 பிப்ரவரி 29-இல் ஐந்து நீதிபதிகள் அமர்வு அதை மாற்றிவிட்டது. தடையை விலக்க நாம்தான் மனுப் போட வேண்டும். உத்தரவிலேயே காலம் குறித்திருந்தால் அது வேறு கதை.

அதனால் ஸ்டே என்று யார் சொன்னாலும் நகலைக் கேளுங்கள். எந்த நீதிமன்றம், எந்தத் தேதி, எதுவரை என்று பாருங்கள். மிளகாய்க்காரர் மறுவாரம் நகலோடு வந்தார். நான்கு வாரத் தடை. முடிந்து பதினொரு நாள் ஆகியிருந்தது.