விசா இல்லை என்றால் விதி இல்லை என்று பொருளல்ல

நெய்வேலி டவுன்ஷிப்பில் ஐடிஐ, டிப்ளமோ முடித்து, அப்ரண்டிஸ் பயிற்சியும் முடித்து, வேலைக்குக் காத்திருக்கும் தம்பிகளுக்காக இதை எழுதுகிறேன்.

"மலேசியாவுக்கு இப்போது விசாவே வேண்டாம், போய் இறங்கினால் வேலை" என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். 2023 டிசம்பர் 1 முதல் இந்தியர்கள் அங்கே விசா இல்லாமல் 30 நாள் தங்கலாம் என்பது உண்மை. இந்தச் சலுகை 2026 டிசம்பர் 31 வரை நீட்டிக்கப்பட்டிருக்கிறது. ஆனால் அது சுற்றிப் பார்க்கவும் உறவினரைச் சந்திக்கவும்தான். சம்பளத்துக்கு ஒரு நாள் வேலை செய்தாலும் சட்டப்படி குற்றம்.

சுற்றுலா போகிறவர்களுக்கும் நிபந்தனைகள் உண்டு: பாஸ்போர்ட் இன்னும் ஆறு மாதமாவது செல்ல வேண்டும், திரும்பும் டிக்கெட், தங்குமிட விவரம், செலவுக்குப் பணம் கையில் வேண்டும், டிஜிட்டல் வருகை அட்டையைப் பயணத்துக்கு முந்தைய மூன்று நாட்களுக்குள் இணையத்தில் நிரப்ப வேண்டும். இத்தனையும் இருந்தாலும் உள்ளே விடுவது குடிநுழைவு அதிகாரியின் முடிவு.

30 நாள் தாண்டினால் அபராதம், காவல், நாடுகடத்தல். அம்மாவின் நகையை அடகு வைத்துப் போனவன் வெறுங்கையோடு திரும்பினால், அந்தக் கடனை அடைப்பது குடும்பம்தான்.

வேலைக்குத்தான் போக வேண்டுமா? வேலை விசாவோடு போங்கள். பணம் கட்டுமுன், ஏஜென்ட் மத்திய அரசின் இ-மைக்ரேட் தளத்தில் பதிவு பெற்றவரா என்று பாருங்கள். இல்லையென்றால் ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள்.