செங்கமாரியும் சில எண்களும்

செங்கமாரி நம் வீடுகளிற் பழகிய சொல். கண்ணின் வெண்மை மஞ்சளாகி, சிறுநீர் கறுத்து, சோற்றைக் கண்டாலே குமட்டல் எழுமாயின், வைத்தியர் வாய் திறக்குமுன்பே பாட்டிமார் நோயைச் சொல்லிவிடுவர். கீழ்க்காய்நெல்லி அரைபடத் தொடங்கும். எண்ணெயும் பொரியலும் விலக்கப்படும். வைத்தியரோ ஈரலழற்சி என்று எழுதுவார். இவ்விரண்டும் ஒரே பொருளன அல்ல. மஞ்சள் நிறம் வெறும் அறிகுறி. எலிக்காய்ச்சலிலும் பித்தக்கல்லிலும் அது தோன்றும். ஈரலழற்சி மதுவினாலும் மருந்தினாலும் நேரலாம். வைரசினால் நேர்ந்ததென்று தெளிந்த பின்னரும், எந்த வைரசு என்ற வினா எஞ்சி நிற்கும். நோயாளி இவ்வினாவைக் கேட்பதில்லை. நோய் தானே தணியுமாயின் வைத்தியரும் அதனை வற்புறுத்துவதில்லை. அதனை விடாது கேட்பது வைத்தியசாலையின் பதிவேடு.

பதிவேட்டின் மொழி எண்களாலானது. 1893இல் ஜாக் பெர்ட்டியோன் முன்வைத்த இறப்புக் காரணப் பட்டியலிலிருந்து திருத்தத்தின்மேல் திருத்தமாக வளர்ந்ததே சர்வதேச நோய்ப் பாகுபாடு. 1990இல் உலக சுகாதார தாபனம் ஏற்றுக்கொண்ட பத்தாம் திருத்தத்தில், குறுங்கால ஏ வகை ஈரலழற்சிக்குப் பீ 15. குறுங்கால பி வகைக்குப் பீ 16. சி, ஈ வகைகளும் பிறவும் பீ 17இன் கீழ். நீடித்தவை பீ 18. வகை குறிப்பிடப்படாதவை பீ 19. எண்ணுக்கு முன்னுள்ள பீ தொற்றுநோய் அத்தியாயத்துக்குரிய எழுத்து. வைரசின் வகையை அது குறிப்பதில்லை. புதிதாக வருவோர் முதலில் மயங்குவது இங்கேதான். புள்ளிக்குப் பின்வரும் இலக்கமோ நோயாளி ஈரற் செயலிழப்பால் நினைவிழந்தாரா என்பதைக்கூடச் சொல்லும். நினைவிழந்த ஏ வகை நோயாளி பீ 15.0, ஏனையோர் பீ 15.9.

பல்கலைக்கழக அநுமதிக்குக் காத்திருந்த மாதங்களில் வைத்தியசாலையொன்றின் பதிவேட்டறையிற் சீட்டுகளுக்கு எண்ணிடும் பணிக்கு உதவியாக இருந்தேன். அங்கிருந்த சிரேட்ட இலிகிதர் அன்பானவர். "தம்பி, ஈரலழற்சி என்று கண்டால் பீ 15.9 என்று போடும். இங்கே வருகிறதெல்லாம் தண்ணீரால் வருகிறதுதான்" என்பார். அவரது ஊகம் பெரும்பாலும் பொருந்தியுமிருக்கலாம். ஆயினும் ஏ வகைக்கெதிரான ஐ.ஜி.எம். பிறபொருளெதிரி குருதியிற் காணப்பட்டது என்ற குறிப்பு அச்சீட்டுகளிற் பலவற்றில் இல்லை. நான் பீ 19.9 என்றே இட்டுவந்தேன். அதனை அவர் விரும்பவில்லை. "குறிப்பிடப்படாதது" என்னும் நிரல் நீண்டால் மேலிடத்திலிருந்து வினா வரும் என்பது அவருடைய கவலை. அவரைக் குறை கூற எனக்கு மனமில்லை. ஆய்வுகூடம் தராத விடையை இலிகிதரிடம் எதிர்பார்க்கும் ஏற்பாட்டையே குறை கூற வேண்டும்.

எண் எதுவாயினும் சுகாதாரப் பரிசோதகர் கிணற்றைப் பார்க்க வருவார்தானே என்று கேட்கலாம். உண்மை. வைரசு ஈரலழற்சி இந்நாட்டில் அறிவிக்கப்பட வேண்டிய நோய்; ஐயம் தோன்றியவுடனேயே 544ஆம் படிவம் சுகாதார வைத்திய அதிகாரிக்குச் செல்ல வேண்டும். அது விரைவான வழி. எண்ணிடுதல் மெதுவான வழி. பல ஆண்டுகளின் எண்களைக் கூட்டித்தான் எந்தத் தடுப்பூசி தேவை, எந்தப் பரிசோதனைக்குப் பணம் ஒதுக்குவது என்பன தீர்மானிக்கப்படும். நீரால் பரவும் ஏ வகையின் கணக்கில், குருதியாலும் ஊசியாலும் பரவும் பி வகை நோயாளர் சிலர் ஊகத்தினாற் சேர்க்கப்பட்டுவிட்டால், பின்னர் எவராலும் அவர்களைப் பிரித்தெடுக்க முடியாது. பீ 19இல் இருப்போரை வகை தெரியாதோர் என்றாவது அறியலாம்.

இந்த மிச்ச நிரலை நான் மதிப்பதற்கு வரலாற்றுக் காரணமும் உண்டு. 1955ஆம் ஆண்டின் இறுதியில் டில்லி நகரின் குடிநீரிற் கழிவுநீர் கலந்தது. ஏறத்தாழ 29,000 பேருக்குச் செங்கமாரி கண்டது. கருவுற்ற பெண்களிடையே இறப்பு மிகுந்திருந்ததும் அப்போதே கவனிக்கப்பட்டது. நீரால் வந்தமையின் அது பின்னர் ஏ வகையெனப்பட்ட தொற்று ஈரலழற்சியே எனக் கொள்ளப்பட்டது. நம் இலிகிதர் கூறிய அதே தருக்கந்தான். சேமித்து வைக்கப்பட்டிருந்த குருதிநீரை ஆராய்ந்து, அது ஏ வகையன்று என 1980இல் வெளியிட்டனர். 1983இல் சோவியத் ஆய்வாளர் பாலயான், நோயாளரிடமிருந்து பெற்ற கழிவுச் சாற்றைத் தாமே அருந்தி நோயுற்று, புதிய வைரசைத் தம்மிடமே கண்டார். அதுவே ஈ வகை. குருதி ஏற்றப்பட்டோரிடம் கண்ட நோயை, எதுவென்று தெரியாத நிலையில் "ஏ அல்லாத, பி அல்லாத" என்று மட்டுமே எழுதிவைத்தனர். அழகற்ற பெயர்தான், ஆனால் அவ்வாறு ஒதுக்கி வைத்தமையால், 1989இல் சி வகை இனங்காணப்பட்டபோது அதற்குரிய நோயாளர் யாரென்பதும் விளங்கிற்று.

ஈ வகை இன்றும் கருவுற்ற பெண்களையே கொடுமையாகத் தாக்குகிறது. கர்ப்பத்தின் இறுதி மாதங்களில் அதற்கு ஆளாவோரில் ஐவருக்கொருவர்வரை இறக்கக்கூடும். அவர்களுக்கு எண்ணிடும் விதியோ வேறு. கர்ப்பகாலத்து வைரசு ஈரலழற்சி பீ என்னும் எழுத்தை விட்டு, மகப்பேற்று அத்தியாயத்தில் ஓ 98.4 ஆகிவிடும். எந்த வைரசு என்பதைக் காட்ட இரண்டாவது எண்ணையும் இடுக என்று விதிநூல் சொல்கிறது. நான் இருந்த இடத்து மாத அட்டவணையில் முதன்மை எண்ணுக்கு மட்டுமே நிரல் இருந்தது. எட்டாம் மாதத்தில் நினைவிழந்து இறந்த ஒரு பெண்ணின் சீட்டு என் கைக்கு வந்தது. ஓ 98.4 என எழுதி, பக்கத்தில் பீ 19.0 என்றும் எழுதினேன். அம்மாத அட்டவணையில் வைரசு ஈரலழற்சியால் நேர்ந்த இறப்பு பூச்சியம் என்றே இருந்தது. மகப்பேற்று நிரலில் அவர் எண்ணப்பட்டார். ஈரலழற்சியின் கணக்கிலிருந்து மறைந்தார். அந்நோயால் மிகக் கூடுதலாக இறப்போரே அந்நோயின் கணக்கில் இல்லாதிருப்பது விந்தை.

2022இல் நடைமுறைக்கு வந்த பதினோராம் திருத்தம், ஏ முதல் ஈ வரையான ஐந்து வகைகளையும் குறுங்கால வைரசு ஈரலழற்சி என்னும் ஒரே தலைப்பின் கீழ் வரிசையாக வைத்துள்ளது. ஓர் எண்ணோடு மற்றோர் எண்ணைக் கோத்து எழுதவும் இடமளிக்கிறது. கோக்கப்பட்டவற்றை அட்டவணைகள் அச்சிடுமா என்பது வேறு கேள்வி. மருத்துவ பீட நண்பர்கள் நாளை எழுதப்போகும் சீட்டுகளில் ஐ.ஜி.எம். முடிவும் கர்ப்பத்தின் வாரமும் இருந்தால், பதிவேட்டறையில் இருப்பவர் ஊகிக்க வேண்டியிராது.