அச்சேறாத படங்கள்

பல ஆண்டுகளாகத் துணி மூடிக் கிடந்த எங்கள் வீட்டுப் பழைய கணிப்பொறியைக் கழித்துவிடுவதென்று முடிவான பிறகு, அதற்குள் இருப்பவற்றில் வேண்டியதை மட்டும் எடுத்து வைத்துக்கொள்ளலாம் என்று ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் உட்கார்ந்தேன். உட்கார்ந்தவன் மத்தியானச் சாப்பாட்டுக்குத்தான் எழுந்தேன். ‘விளையாட்டு’ என்று நானே பெயரிட்டு மறந்துபோயிருந்த ஓர் உறைக்குள் ஆயிரத்து நூற்றுச் சொச்சம் படங்கள் இருந்தன. அத்தனையும் கம்ப்யூட்டர் விளையாட்டுகளின் நடுவே, ஒரு விசையை அழுத்தித் திரையை அப்படியே பிடித்து வைத்த ஸ்கிரீன்ஷாட்டுகள். பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்த என் அக்காள் மகன், “என்னத்துக்கு மாமா இத்தனையும் எடுத்து வச்சிருக்கீக?” என்று கேட்டான். பரிகாசமாகக் கேட்டிருந்தால் பதில் சொல்லியிருப்பேன். அவன் உண்மையாகவே தெரிந்துகொள்ள விரும்பிக் கேட்டதால் திகைத்துப் போனேன்.

விசைப்பலகையின் வலப்பக்க மேல்வரிசையில் ஒதுங்கி இருக்கும் ‘பிரிண்ட் ஸ்கிரீன்’ என்ற அந்த விசைக்கும் எங்கள் வட்டாரத்துக்கும் ஒரு பந்தம் உண்டென்பது என் அபிப்பிராயம். 1920களில் கல்கத்தா சென்று தீப்பெட்டித் தொழில் கற்றுவந்த அய்ய நாடாரும் சண்முக நாடாரும் மழை குறைந்த இந்தப் பூமியில் அதை வேரூன்றச் செய்தார்கள். தீப்பெட்டிக்கு லேபிள் வேண்டியிருந்தது. லேபிளுக்கு அச்சகம் வேண்டியிருந்தது. பிற்பாடு பட்டாசுக்கும் காலண்டருக்கும் அதே அச்சகங்கள் வளர்ந்தன. 2021இல் சிவகாசி மாநகராட்சியோடு சேர்ந்துவிட்ட எங்கள் திருத்தங்கலில், வீட்டுக்கு ஒருவராவது தீக்குச்சியோடோ, வெடிமருந்தோடோ, காகிதத்தோடோ தொடர்புடையவராக இருப்பார். நான் காகிதத்தின் பக்கம். ஓர் அச்சகத்தின் கணிப்பொறிப் பிரிவில், ஆடிப்பெருக்கன்று வெளியாக வேண்டிய காலண்டர் ஆல்பத்துக்காகத் தெய்வப் படங்களின் வண்ணங்களைத் திருத்தி, பிளேட்டுக்கு அனுப்பும் வேலை. ஆகவே ‘திரையை அச்சிடு’ என்று ஒரு விசை என்னைப் பார்த்துக் கட்டளையிட்டபோது அதை அலட்சியப்படுத்த என்னால் இயலாமற் போனது.

உள்ளபடி பார்த்தால் டாஸ் காலத்தில் அந்தப் பெயர் பொருத்தமானதே. திரையில் என்ன எழுத்துகள் இருந்தனவோ அவற்றை, அந்த விசையின் உத்தரவுப்படி, புள்ளி அச்சுப்பொறி கறகறவென்று காகிதத்தில் கொட்டிவிடும். விண்டோஸ் வந்தபின் பெயர் நிலைத்தது, தொழில் மாறிவிட்டது. அந்நாளில் விசையை அழுத்தினால் கண்ணுக்கு ஒன்றும் நடக்காது. படம் எங்கேயோ ஒரு தற்காலிக நினைவில் தங்கியிருக்க, விளையாட்டைச் சுருக்கிவிட்டு, பெயிண்ட் என்னும் மென்பொருளைத் திறந்து, அங்கே ஒட்டி, பெயர் வைத்துச் சேமிக்க வேண்டும். மறந்துபோய் மறுபடி அழுத்தினால் முந்தைய படம் போயே போயிற்று. சில விளையாட்டுகள் இந்த ஏற்பாட்டுக்கும் இசையாமல், ஒட்டிப் பார்த்தால் வெறும் கறுப்புச் சதுரத்தையே கொடுக்கும். அப்படிப்பட்ட கறுப்புப் படங்களும் பதினேழு என் உறையில் பெயரோடு இருக்கின்றன. எந்த நம்பிக்கையில் சேமித்தேன் என்பது எனக்கே விளங்கவில்லை. கவுண்டர் ஸ்டிரைக் போன்றவற்றில் எஃப்5 விசையைத் தட்டினால் படம் தானே கோப்பாகிவிடும் என்பதும், ஸ்டீம் என்ற விளையாட்டுத் தளத்தில் எஃப்12 அந்த வேலையைச் செய்யும் என்பதும், இந்தப் பிரயாசைகளெல்லாம் பழகிப்போன பிறகே எனக்குத் தெரிந்தன.

அந்தக் காலத்துக் கணக்கு ஒன்று இன்னும் மனப்பாடமாக இருக்கிறது. 800-க்கு 600 புள்ளிகள் கொண்ட திரையை முழு வண்ணத்தில் பிஎம்பி கோப்பாகச் சேமித்தால் 14,40,000 பைட்டும் தலைப்புக்காகச் சிறிதும் ஆகும்; ஒரு பிளாப்பி தட்டில் கொள்வதோ 14,57,664 பைட். ஆக, ஒரு தட்டுக்கு ஒரு படம், உறைக்குள் கடிதம் போட்டதுபோல் கச்சிதமாக அடங்கும். 1024-க்கு 768 என்று திரையை உயர்த்திவிட்டாலோ அடங்கவே அடங்காது. நண்பன் ஒருவனுக்குக் காட்டவேண்டிய மூன்று படங்களுக்காக மூன்று தட்டுகளைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு சைக்கிளில் சாட்சியாபுரம் வரை போன நாள் உண்டு. மூன்றில் ஒன்று திறக்கவில்லை.

இன்னொரு கணக்கு தொழிலில் படிந்த பழக்கத்தால் வந்தது. நல்ல அச்சுக்கு அங்குலத்துக்கு 300 புள்ளி வேண்டுமென்பது எங்கள் பிரிவின் பாலபாடம். 800-ஐ 300-ஆல் வகுத்தால் இரண்டேமுக்கால் அங்குலத்துக்குச் சற்றுக் குறைவு; 600-ஐ வகுத்தால் இரண்டு. அதாவது, பதினைந்து அங்குலத் திரையை நிறைத்துக்கொண்டு கடலும் வானமும் நகரமுமாக என்னை மயக்கிய அந்தக் காட்சி, காகிதத்தில் இறங்கினால் தீப்பெட்டி லேபிளைவிடக் கொஞ்சமே பெரிதாக இருக்கும். இதைக் கண்டுபிடித்த அன்று எனக்கு ஏமாற்றம் வரவில்லை. பழைய சிநேகிதனைச் சந்தையில் கண்டதுபோல் ஒரு குதூகலமே வந்தது.

ஏனென்றால் லேபிள்கள்தாம் எங்கள் பால்யத்தின் செல்வம். பெட்டியிலிருந்து உரித்தவையும், அச்சகக் கழிவிலிருந்து கிடைத்தவையுமாகப் புலி, மயில், கப்பல், தாமரை, விமானம் என்று கட்டுக்கட்டாகச் சேர்த்து, ரப்பர் வளையம் போட்டு வைத்திருப்போம். நாங்கள் புலியையோ கப்பலையோ கண்ணால் கண்டவர்களல்லர். காணவேண்டும் என்று தவித்ததும் கிடையாது. கையிலிருக்கும் கப்பலே போதுமானதாக இருந்தது. 2002இல் வெளிவந்து மறு ஆண்டு கணிப்பொறிக்கும் வந்த ‘வைஸ் சிட்டி’ என்ற விளையாட்டின் கடற்கரையை நான் நாற்பது தடவை படம்பிடித்து வைத்திருப்பதற்கும் அந்தக் கப்பல் லேபிளே காரணம் என்று இப்போது தோன்றுகிறது. மயாமி நகரத்தின் சாயலில் கட்டப்பட்ட அந்தக் கற்பனை ஊரில், செய்யவேண்டிய குற்றங்களையெல்லாம் செய்யாமல் போட்டுவிட்டு, அந்தி நேரத்துக்காகக் காத்திருந்து, வானம் ரோஜா நிறம் கொள்ளும் க்ஷணத்தில் விசையை அழுத்தியிருக்கிறேன். அந்த ரோஜா நிறத்தை ஒரு தரம் அச்சகத்தில் நான்கு மைக்குப் பிரித்துப் பார்த்தேன். ஒளியால் ஆன நிறத்தை மை பிடிக்க முடியாமல், வெளுத்துப்போன ரவிக்கைத் துணிபோல வந்தது. அதோடு அச்சேற்றும் ஆசையை விட்டுவிட்டேன். ஜப்பானில் 1999இல், படம் எடுப்பதையே முழு விளையாட்டாக்கிய ‘போக்கிமான் ஸ்நாப்’ வெளிவந்தபோது, எடுத்த படங்களைக் கடைகளில் சின்னச் சின்ன ஒட்டுப்படங்களாக அச்சிட்டுக் கொடுத்தார்களாம். குட்டி ஜப்பான் என்று பெயர் வாங்கிய எங்கள் ஊர்க்காரர்களில் ஒருவருக்கும் இந்த யோசனை முன்னதாக உதிக்காமற் போனதே என்று, ஒரு லேபிள் அச்சகத்துச் சிப்பந்தி என்ற முறையில், எனக்கு மெய்யாகவே வருத்தம்.

திரையைப் படமெடுப்பது ஆரம்பத்தில் சாட்சியத்துக்காக ஏற்பட்ட வழக்கம். 1982இல் ஆக்டிவிஷன் நிறுவனம் வெளியிட்ட ‘பிட்ஃபால்’ என்ற விளையாட்டில் 20,000 புள்ளிகள் எடுத்தவர்கள், தொலைக்காட்சித் திரையைப் புகைப்படமெடுத்துத் தபாலில் அனுப்பினால், சட்டையில் தைத்துக்கொள்ளத் துணியாலான ஒரு சின்னம் பரிசாக வரும். தொலைக்காட்சிப் பெட்டியின் முன்னால், பிளாஷை அணைத்து, கை நடுங்காமல் காமிராவைப் பிடித்துக்கொண்டு நின்ற அந்தப் பிள்ளைகளை நினைத்தால் எனக்குப் பிரியமாக இருக்கிறது. என் படங்களில் வெற்றியின் சாட்சியம் என்று காட்டக்கூடியவை ஐம்பதுகூடத் தேறாது. மற்றவையெல்லாம் ஒரு மரம், ஒரு பாலம், காவற்காரன் தூங்கும் ஒரு மதில் மூலை, மழை பெய்யும் ஒரு தெரு. ஓடு, சுடு, தப்பு என்று விளையாட்டு பின்னாலிருந்து தள்ளத் தள்ள, நின்றுவிட்ட இடங்கள். எங்கள் ஊர்க் குன்றின்மேல் நூற்றெட்டுத் திருப்பதிகளில் ஒன்றாகிய கோயிலில் எழுந்தருளியிருப்பவர் நின்ற நாராயணன். திருமகள் தங்கித் தவமிருந்த இடமென்பதால் ஊர்ப்பெயரும் திருத்தங்கல். ஓடுவதை நிறுத்தித் தங்கவைக்கும் இந்தப் புத்தி ஊர் மண்ணின் குணம் என்று மருமகனிடம் சொன்னேன். “அப்ப பஸ் ஸ்டாண்டுல நிக்கிற பஸ்ஸும் அப்படித்தானா?” என்றான்.

அவனுடைய அடுத்த அஸ்திரம், இத்தனை வயதில் இத்தனை விளையாட்டா என்பது. சிலப்பதிகாரத்தில் எங்கள் ஊர் தங்கால் என்ற பெயரோடு வருமிடத்தில், பராசரன் என்ற அந்தணன் வழிநடைக் களைப்பாற இறங்கியபோது அவனைச் சூழ்ந்துகொண்டவர்கள் விளையாடிக்கொண்டிருந்த சிறுவர்களே என்றும், அது வருகிற பகுதிக்குக் கட்டுரை காதை என்றே பெயரென்றும் சொல்லி வாயடைத்தேன். அந்தச் சிறுவர்களின் வயதை அவன் கேட்கவில்லை, நானும் சொல்லவில்லை.

பட்டாசுப் பெட்டிகளின் லேபிள்களையும் நான் திருத்தியிருக்கிறேன். உள்ளே இருக்கும் வாணம் விண்ணில் எப்படி விரியுமோ, அதைவிட நாலு மடங்கு பகட்டாக மேலே படம் இருக்க வேண்டுமென்பது வியாபார நியதி. வாங்கியவர் கொளுத்திப் பார்த்துவிட்டுப் பெட்டியையும் எறிந்துவிடுவார், ஆகாயத்தில் ஒன்றும் மிச்சமிராது. படத்தோடு ஒப்பிட யாருக்கும் அவகாசமில்லை. விளையாட்டு சி.டி.களின் பின்னட்டைப் படங்களும் இந்த ஜாதிதான்: வரப்போவதைப் பற்றிய வாக்குறுதி. நாம் எடுக்கிற படமோ வந்துபோனதைப் பற்றியது. அதில் பகட்டு குறைவு. உடைந்த விளிம்புகளும், பாதி முளைத்த மரமும், சுவருக்குள் புதைந்த காலும் அப்படியப்படியே இருக்கும். பின்னட்டையில் ஒருநாளும் இடம்பெறாத இந்தக் குறைகளையே நான் அதிகம் சேர்த்திருக்கிறேன்.

வெடி விபத்தின் படம் மட்டும் ஒன்றுகூட இல்லை. இத்தகைய விளையாட்டுகளில் பீப்பாய் வெடிப்பதும் வண்டி வெடிப்பதும் நிமிஷத்துக்கொரு தரம் நடப்பவை, அழகாகவும் இருக்கும். கணிப்பொறி வாங்கிய முதல் வாரத்தில், ஒலிபெருக்கியைச் சற்றுத் தாராளமாக வைத்து விளையாடிக்கொண்டிருந்தேன். திரையில் ஒரு வண்டி வெடித்தது. அடுப்படியிலிருந்து அம்மா, கையில் கரண்டியோடு, என்னைத் தாண்டி ஓடி மாடிப்படி ஏறினாள். “எந்தப் பக்கம்யா சத்தம்?” என்ற அவள் குரல் மொட்டைமாடியிலிருந்து கேட்டது. எங்கள் பக்கத்தில் பெருஞ்சத்தம் கேட்டால் யாரும் காதைப் பொத்துவதில்லை. மாடிக்குப் போய்ப் புகை எந்தத் திசையில் எழுகிறது, அந்தத் திசையில் எந்தப் பட்டாசு ஆலை, அங்கே நம்மவர் யார் வேலைக்குப் போயிருக்கிறார்கள் என்றுதான் பார்ப்பார்கள். அக்காள் அப்போது ஓர் ஆலையில் வேலை பார்த்துக்கொண்டிருந்தாள். நான் மேலே போனபோது பக்கத்து மாடியிலும் இருவர் நின்றிருந்தார்கள். சத்தம் கணிப்பொறியிலிருந்து வந்தது என்று சொல்லிப் புரியவைப்பதற்குள் எனக்கு வியர்த்துவிட்டது. அம்மா திட்டவில்லை. கரண்டியைப் பார்த்துக்கொண்டே, “குழம்பு அடிப்பிடிச்சிருக்கும்” என்று இறங்கிப் போனாள். அன்று முதல் ஒலியை அடைத்துவிட்டே விளையாடினேன்.

அதற்குப் பிறகு, ஒலியில்லாமல் நான் விளையாடும்போது சில நாள் அம்மா பின்னால் வந்து நிற்பாள். வந்தது காதுக்குத் தெரியாது. திரைக் கண்ணாடியில்தான் தெரியும். அந்தக் காலத்துத் திரைகள் முன்புறம் புடைத்த கனத்த கண்ணாடி. வைஸ் சிட்டியின் கடற்கரைமேல் எங்கள் வீட்டுக் குழல்விளக்கு வளைந்து கிடக்கும், அலைகளின் நடுவே தினசரிக் காலண்டரின் தாள் காற்றில் அடித்துக்கொள்ளும், நிலைப்படியில் சேலைத் தலைப்பைப் பிடித்தபடி அம்மா நிற்பாள். நான் கண்டது இவையெல்லாம் சேர்ந்த காட்சி. ஆனால் விசையை அழுத்தியபோது அகப்பட்டது, இயந்திரம் உள்ளேயிருந்து வரைந்த கடற்கரை மட்டும். கண்ணாடிக்கு இப்புறம் இருந்த எதுவும் அதில் சேரவில்லை. பிட்ஃபால் காலத்துப் பிள்ளைகள் காமிராவால் எடுத்த மங்கலான படங்களில் அவர்கள் வீட்டு ஜன்னலாவது விழுந்திருக்கும். ஆயிரத்து நூற்றுச் சொச்சத்தையும் அன்று ஒன்றுவிடாமல் புரட்டினேன். மூலையில் மிச்ச உயிர் எவ்வளவு, கையிருப்புப் பணம் எவ்வளவு, விளையாட்டுக்குள் மணி என்ன என்பதெல்லாம் சுத்தமாகப் பதிவாகியிருந்தது.

சாயங்காலம் பழைய சாமான்காரருக்கு அனுப்புவதற்காக மருமகன் தன் கைபேசியால் அந்தத் திரையைப் படம் எடுத்தான். கடற்கரையின் அந்தி அதில் ஓடிக்கொண்டிருந்தது. எடுத்ததைப் பார்த்து முகம் சுளித்தான்: குறுக்கே ஒரு கறுப்புப் பட்டை, மேலே குழல்விளக்கின் வளைவு, ரோஜா நிற வானத்தில் நாங்கள் இருவர், எங்களுக்குப் பின்னால் நிலைப்படி. “சே, சரியா விழல மாமா, நம்ம மூஞ்சியெல்லாம் விழுந்திருச்சு” என்று அழிக்கப் போனான். அழிக்க வேண்டாம், எனக்கு அனுப்பு என்றேன். அனுப்பிவிட்டு, விளக்கை அணைத்து, சாமான்காரருக்காக இன்னொன்று எடுத்தான்.